கிளட்ச்சுக்கு இடம் விட்டுவைத்த பென்ஸ்

கார்ப்பெட்டை விலக்கியதும் அது தெரிந்தது! ஓட்டுநரின் காலடியில், பிரேக் மிதிக்கு இடப்பக்கம், எஞ்சின் அறையையும் உள்ளறையையும் பிரிக்கிற இரும்புச் சுவரில் ஒரு கறுப்பு ரப்பர் அடைப்பு. கட்டைவிரல் அகலம்தான் இருக்கும். ஆசான் ஸ்க்ரூடிரைவர் முனையால் நெம்பினார். டப்பென்று தெறித்து விழுந்தது. பின்னால் ஓர் ஓட்டை. விளிம்பு சுத்தமாக, பெயின்ட் ஓரம்வரை அடித்து, தொழிற்சாலையிலேயே போட்ட ஓட்டை. கிளட்ச் குழாய் போவதற்கான வழி!

இந்த வண்டியில் கிளட்ச் மிதி இருந்ததே இல்லை. பிறந்ததிலிருந்து ஆட்டோமேட்டிக். ஆனாலும் ஜெர்மனியில் இதன் உடலை அடித்தவர்கள், ஒருவேளை மேனுவலாகப் போனால் குழாய் எந்தப் பக்கம் போகும் என்று யோசித்து வழியும் விட்டு, ரப்பரால் மூடியும் அனுப்பியிருக்கிறார்கள். நாற்பது வருடத்துக்கு மேல் யாரும் அதைத் திறக்கவில்லை. எனக்குக் கைதட்டலாம் போலிருந்தது. தேனிப் பக்கத்திலிருந்து வந்து வேலை பழகுகிற பையன் நிஜமாகவே தட்டிவிட்டான்.

இடம் கலூர். மேலே மெட்ரோ ரயில் ஓடுகிறது. செவ்வாய்க்கிழமை என்றால் அந்தோணியார் கோயில் கூட்டத்தில் சாலை நகராது. கேரள பிளாஸ்டர்ஸ் அணியின் கால்பந்து ஆட்டம் இருந்தால் ஸ்டேடியம் பக்கம் முழுக்க மஞ்சள் சட்டை. இந்தப் பரபரப்புக்கு நடுவே ஒரு சந்தில், தகரக் கூரை போட்ட ஒர்க்ஷாப். தலைமை மெக்கானிக்கை எல்லாரும் ஆசான் என்றே கூப்பிடுகிறார்கள். பாலக்காட்டுக்காரர். மலையாளமும் தமிழும் ஒரே வாக்கியத்தில் வரும். இங்கே பழைய ஆட்டோமேட்டிக் கார்கள் மேனுவலாக மாறுகின்றன என்று கேள்விப்பட்ட நாளிலிருந்து உள்ளே எட்டிப் பார்க்கத் துடித்தேன். கியர் கம்பி ஒன்றை நட்டுவிட்டால் முடிகிற காரியம் என்றுதான் வெளியில் இருக்கும் நாம் நினைப்போம். உள்ளே நடப்பதைப் பார்க்க வேண்டுமே!

முதலில் வண்டி. மெர்சிடிஸ் பென்ஸ் 300டி. டபிள்யூ123 என்ற வரிசை. 1976 ஜனவரியில் அறிமுகமாகி 1986 தொடக்கம்வரை தயாரானது; மொத்தம் ஏறத்தாழ 27 லட்சம் வண்டிகள் வெளியே வந்தன. இதில் இருப்பது மூன்று லிட்டர் டீசல் எஞ்சின், ஐந்து சிலிண்டர், டர்போ கிடையாது, 88 குதிரைசக்தி. உரிமையாளர் மட்டாஞ்சேரிக்காரர், எல்லாருக்கும் அக்கா மாதிரி; இத்தா என்றே நானும் கூப்பிட்டேன். அவருடைய வாப்பா குவைத்திலிருந்து ஊர் திரும்பும்போது கூடவே கொண்டுவந்த வண்டி. ஸ்டீயரிங் இடப்பக்கம் இருப்பதே அதற்குச் சாட்சி.

வண்டிக்கு என்ன கேடு? ரிவர்ஸ் போட்டால் உடனே பிடிப்பதில்லை. கொஞ்ச நேரம் கழித்து ஒரு குலுக்கலோடுதான் பின்னால் போகும். இரண்டிலிருந்து மூன்றுக்கு மாறும்போது எஞ்சின் மட்டும் கத்தும், வேகம் ஏறாது. உள்ளே உராய்வுத் தகடுகளும் சீல்களும் தேய்ந்துவிட்டன. பழைய பென்ஸ் ஆட்டோமேட்டிக் பெட்டியைப் பிரித்துச் சீராக்கத் தெரிந்த கைகள் குறைவு; பாகங்கள் வரவழைக்கும் செலவோ கண்ணைக் கட்டும். ஆனால் இதே குடும்பத்தின் சின்ன அண்ணன் 240டி இருக்கிறதே, நான்கு சிலிண்டர் வண்டி, அதன் நாலு கியர் மேனுவல் பெட்டி இன்றும் தேடினால் கிடைக்கிறது. இரண்டு எஞ்சினுக்கும் பின்பக்க போல்ட் ஓட்டைகள் ஒரே அமைப்பு. அப்படியே வந்து உட்காரும். இந்த ஒரு காரணத்தால்தான் உலகம் முழுக்க டபிள்யூ123 பிரியர்கள் இந்த மாற்றத்தைச் செய்துகொண்டே இருக்கிறார்கள்.

இத்தாவுக்கு இன்னொரு காரணமும் உண்டு. மூணாறு மலையேற்றத்தில் இந்த வண்டியை ஓட்டிப் பார்த்தவர் அவர். 88 குதிரைசக்தியில் ஒரு பங்கை ஆட்டோமேட்டிக் பெட்டியே தின்றுவிட, மிச்சத்தை வைத்துக்கொண்டு கொண்டை ஊசி வளைவில் ஏறுவது பெரும்பாடு. “எனக்கு வேண்டிய கியரை நானே போட்டுக்கறேன் ஆசானே” என்று சொல்லிச் சாவியைக் கொடுத்துவிட்டார்.

இனி வண்டியின் அடியில் போவோம். குழிக்குள் இறங்கி அண்ணாந்து பார்த்தால் முதலில் தெரிவது ஆட்டோமேட்டிக் பெட்டியின் எண்ணெய்த் தட்டு. வடித்த எண்ணெய் கரும்பழுப்பாக வந்தது, கருகிய வாடையோடு. சைலன்சர் குழாய், அதன் மேல் வெப்பத் தடுப்புத் தகடு, ப்ரொப்பெல்லர் ஷாஃப்ட் எல்லாம் வரிசையாகக் கீழே இறங்கின. பெட்டியிலிருந்து ரேடியேட்டர்வரை இரண்டு மெல்லிய எண்ணெய்க் குழாய்கள் போகின்றன. ஆட்டோமேட்டிக் பெட்டி அவ்வளவு சூடாகிறது. அதன் எண்ணெயைக் குளிர்விக்க ரேடியேட்டருக்குள்ளேயே தனி அறை உண்டு. இனி அந்த வேலை இல்லை. குழாய்களைக் கழற்றி, முனைகளுக்கு மூடி போட்டார்கள். 

அப்புறம் செயின் பிளாக் கிறீச்சிட, பெட்டி மெல்லத் தரையிறங்கியது. அதன் வாயில் பொருந்தியிருந்த உருண்டையான டார்க் கன்வர்ட்டரைப் பையன் இரண்டு கையாலும் அணைத்துத் தூக்கிக்கொண்டு வந்து என் முன்னால் வைத்தான். எவ்வளவு அழகான பொருள்! இந்த வகைப் பழைய ஆட்டோமேட்டிக் வண்டியில் எஞ்சினுக்கும் கியர்பெட்டிக்கும் இரும்போடு இரும்பு தொடுவதில்லை. நடுவே இருப்பது இந்த உருண்டைக்குள் அடைபட்ட எண்ணெய் மட்டுமே. எஞ்சின் பக்கத்துச் சிறகுகள் எண்ணெயைச் சுழற்றும்; சுழலும் எண்ணெய் எதிர்ப்பக்கத்துச் சிறகுகளைச் சுழற்றும். அண்டாவில் பாயசம் கிண்டும்போது கரண்டி படாத முந்திரியும் சேர்ந்து சுற்றுமே, அதே கதைதான். நடுவில் மூன்றாவதாக ஒரு சிறகுச் சக்கரம், திரும்பி வரும் எண்ணெயை மறுபடி சரியான திசையில் திருப்பிவிட்டு இழுவையைக் கூட்டுகிறது. ஹெர்மன் ஃபோட்டிங்கர் என்ற ஜெர்மன் பொறியாளர் 1905-இல் காப்புரிமை எடுத்த யோசனை இது. அவர் கப்பல்களுக்காக யோசித்தார். கார்களில் ஆட்டோமேட்டிக் கியர் பெருவாரியாக வந்தது ஜெனரல் மோட்டார்ஸ் 1939-இல் அறிமுகப்படுத்திய ஹைட்ரா-மேட்டிக் பெட்டியோடு.

சிக்னலில் பிரேக்கை மிதித்து நின்றாலும் ஆட்டோமேட்டிக் வண்டி அணையாமல் இருப்பது இந்த எண்ணெயின் தயவு. அதே தயவுதான் ஏற்றத்தில் வலிமையைச் சிந்துகிறது.

சரி, பெட்டி போயிற்று. எஞ்சினின் பின்முனை வெறுமையாக நிற்கிறது. இங்கேதான் இந்த மாற்றத்தின் மிக நுட்பமான காரியம் ஆரம்பம், வெளியில் யாருக்கும் தெரியாத காரியம்! ஆட்டோமேட்டிக் வண்டியில் கிராங்க் ஷாஃப்ட்டின் முனையில் இருப்பது ஒரு மெல்லிய தகடு. சுற்றிலும் செல்ஃப் மோட்டாருக்கான பற்கள். மேனுவலுக்கு அது போதாது. கனமான ஃப்ளைவீல் வேண்டும். கிளட்ச் பிளேட் உராய்ந்து பிடிக்க முகம் வேண்டும். 240டி-யின் ஃப்ளைவீல் கைவசம் இருக்கிறது. போல்ட்டும் பொருந்துகிறது. மாட்டிவிட வேண்டியதுதானே?

கூடாது. ஐந்து சிலிண்டர் எஞ்சினின் கிராங்க்கும் அதன் பின்தகடும் தொழிற்சாலையில் ஜோடியாக வைத்துச் சமன் செய்யப்பட்டவை. நான்கு சிலிண்டர் வண்டியின் ஃப்ளைவீலை அப்படியே மாட்டினால் வண்டி ஓடும். ஆனால் ஒரு அதிர்வு வரும், நாளாவட்டத்தில் எஞ்சினுக்குள் பேரிங்கைத் தின்னும். அதனால் பழைய தகட்டையும் புது ஃப்ளைவீலையும் கோணிச் சாக்கில் சுற்றி, கோயம்புத்தூர் பஸ்ஸில் ஏற்றினார்கள். மோட்டாரும் பம்பும் லேத்தும் ஊறிய ஊர்; பாலன்சிங் எந்திரம் வைத்திருப்பவர்கள் அங்கே உண்டு. பழைய தகடு எந்தப் பக்கம் எத்தனை கிராம் கனம் காட்டுகிறதோ, அதே பக்கம் அதே கனம் காட்டும்வரை ஃப்ளைவீலில் சின்னச் சின்னக் குழிகள் துளைத்து இரும்பைக் குறைக்க வேண்டும். ஃப்ளைவீல் திரும்பி வந்தபோது அதன் ஓரத்தில் புதுக்குழிகள் பளபளத்தன. ஆசான் விரலால் ஒவ்வொன்றாகத் தொட்டுப் பார்த்தார். நானும் தொட்டுப் பார்த்தேன். 

ஃப்ளைவீல் போல்ட்டுகளும் புதிது. முறுக்கும்போது கொஞ்சம் இழுபட்டு நீளுகிற வகை அவை. ஒருமுறை நீண்டதை மறுபடி நம்ப முடியாது. டார்க் ஸ்பேனரில் ஓர் அளவுவரை முறுக்கி, பிறகு மேலும் கால் சுற்று. அந்தக் கால் சுற்றுக்கு ஆசான் கண்ணை மூடிக்கொண்டார்.

அடுத்து பைலட் பேரிங். கிராங்க்கின் நடு ஓட்டையில் உட்காருகிற குட்டிப் பொருள். கியர்பெட்டியிலிருந்து நீளும் ஷாஃப்ட்டின் மூக்கு இதற்குள்தான் நுழைந்து சுழலும். ஆட்டோமேட்டிக்கில் அந்த இடம் காலி. இதை மறந்துவிட்டுப் பெட்டியை ஏற்றிவிட்டால் எல்லாவற்றையும் மறுபடி இறக்க வேண்டும். எனவே பையன் மூன்று தடவை நினைவூட்டினான், ஆசான் மூன்று தடவையும் “போட்டாச்சுடா மோனே” என்றார். 

கிளட்ச் பிளேட்டை ஃப்ளைவீலின் நட்டநடுவில் நிறுத்தி, மேலே பிரஷர் பிளேட்டை முறுக்க வேண்டும். நூல் அளவு விலகினாலும் கியர்பெட்டியின் மூக்கு உள்ளே போகாது. நடு பிடிக்க ஆசான் வைத்திருக்கும் கருவி, உடைந்த ஒரு பழைய கியர்பெட்டியிலிருந்து எடுத்த ஷாஃப்ட். கைபட்டுக் கைபட்டு வெள்ளியாய் மின்னுகிறது. அதைச் செருகி, பிளேட்டை நிறுத்தி, போல்ட்டுகளைக் குறுக்கும் நெடுக்குமாக முறுக்கி, ஷாஃப்ட்டை உருவியதும் ‘சுக்’ என்று ஒரு சத்தம். அந்தச் சத்தத்துக்கு ஒர்க்ஷாப்பில் எல்லார் முகத்திலும் சிரிப்பு!

240டி பெட்டி வந்த வழி தனிக்கதை. சென்னை புதுப்பேட்டையிலும் கோவை உக்கடத்திலும் சொல்லி வைத்து, போன் மேல் போன் போட்டுக் கிடைத்தது. பெட்டியை ஆசான் பிரித்து, பற்களைப் பார்த்து, ஆயில் சீல்களை மாற்றி, மூடி வைத்திருந்தார். அதற்குள் என்ன எண்ணெய் ஊற்றுவது தெரியுமா? கெட்டியான கியர் ஆயில் என்று நான் நினைத்தேன். டப்பாவைத் திறந்தால் ரத்தச் சிவப்பு. ஆட்டோமேட்டிக் பெட்டிகளுக்கென்று உண்டான அதே ஏடிஎஃப்! அந்தக் காலத்து பென்ஸ் மேனுவல் பெட்டிகளுக்குத் தொழிற்சாலை விதித்ததே அதுதான். ஆட்டோமேட்டிக்கைக் கழற்றி எறிந்துவிட்டு, ஆட்டோமேட்டிக் எண்ணெயை மறுபடி உள்ளே ஊற்றுகிறார்கள். எனக்குத் தலைகால் புரியாத சந்தோஷம்.

பெட்டி மேலே ஏறியது. பெட்டியின் வாலைத் தாங்கும் குறுக்குச் சட்டமும் மேனுவலுக்கு உரியது. ப்ரொப்பெல்லர் ஷாஃப்ட்டின் நீளமும் மாறுகிறது. அதையும் மேனுவல் வண்டியிலிருந்தே எடுத்திருந்தார்கள். முனையில் வட்டமான கெட்டி ரப்பர் கப்ளிங், நடுவில் தாங்கு பேரிங், இரண்டும் புதிது. பெட்டியின் வாலில் ஸ்பீடோமீட்டர் கேபிளைச் சொருகினார்கள். முள் சரியாகக் காட்டுமா என்பதை ஓட்டித்தான் பார்க்க வேண்டும்.

இதற்கிடையே காருக்குள் ஒரு சர்க்கஸ். பையன் சீட்டின் மேல் முதுகை வைத்து, தலை கீழே, கால்கள் கதவுக்கு வெளியே. டாஷ்போர்டுக்கு அடியில் இருக்கும் மிதிப் பெட்டியை மாற்றுகிறான். ஆட்டோமேட்டிக் வண்டியின் பிரேக் மிதி அகலமானது, இரண்டு கால் வைக்கலாம். அது போய், ஒடுக்கமான பிரேக் மிதியும் பக்கத்தில் கிளட்ச் மிதியும் சேர்ந்த முழு அமைப்பும் வருகிறது. இந்த மாடலில் கிளட்ச் மாஸ்டர் சிலிண்டர் காருக்குள்ளேயே, மிதியோடு ஒட்டி இருக்கிறது. கசிந்தால் கார்ப்பெட் நனைந்து சொல்லிவிடும். அதிலிருந்து கிளம்பும் குழாய், நாம் முதலில் பார்த்த அந்த ஓட்டை வழியாக எஞ்சின் பக்கம் போய், கியர்பெட்டியின் பக்கவாட்டில் இருக்கும் சிலேவ் சிலிண்டரை அடைகிறது. தனி ஆயில் டப்பா கிடையாது. பிரேக் ஆயில் டப்பாவிலேயே கிளட்ச்சுக்கு ஒரு முனை. ஆகவே டப்பாவும் மேனுவல் வண்டியினுடையதாக மாறியது. ஆக்ஸிலேட்டரை முழுக்க மிதித்தால் கீழ் கியருக்கு இறக்க, அதற்கு அடியில் இருந்த கிக்டவுன் சுவிட்ச்சுக்கும் விடுதலை. 

இனி ஏர் எடுக்க வேண்டும். இதைப் பார்க்கத்தான் பக்கத்துக் கடைக்காரர்கூட டீ கிளாஸோடு வந்துவிட்டார். சாதாரண வண்டியில் ஒருவர் மிதியை அமுக்க, இன்னொருவர் கீழே நிப்பிளைத் திறந்து மூடுவார். இந்த பென்ஸில் அப்படிச் செய்தால் காற்று லேசில் வெளியேறாது. ஆகவே பென்ஸ் கையேடு சொல்லும் வழியே வேறு: முன் சக்கர பிரேக் காலிப்பரின் நிப்பிளிலிருந்து ஒரு ரப்பர் குழாயை எடுத்து, கிளட்ச் சிலேவ் சிலிண்டரின் நிப்பிளில் மாட்டு. இரண்டையும் திற. இப்போது பிரேக்கை மிதி! பிரேக் ஆயில் கீழிருந்து மேலாகக் கிளட்ச் குழாய்க்குள் ஏறி, காற்றைத் தள்ளிக்கொண்டு டப்பாவுக்கே போய்ச் சேருகிறது. டப்பாவில் குமிழிகள் பொங்குகின்றன. அது அடங்கியதும் கிளட்ச் மிதிக்கு உயிர் வந்துவிட்டது. இத்தா உட்கார்ந்து இடது காலால் அமுக்கிப் பார்த்து, “அம்பட!” என்றார்.

சாவியைத் திருப்பினால் உறுமுமா? அதற்கு முன் இன்னொரு ஒயர் வேலை. ஆட்டோமேட்டிக் வண்டியில் கம்பி ‘பி’யிலோ ‘என்’னிலோ இருந்தால்தான் செல்ஃப் அடிக்கும், பெட்டியின் ஓரத்தில் இருக்கும் சுவிட்ச் அதைப் பார்த்துக்கொள்கிறது. பெட்டியோடு சுவிட்ச்சும் போய்விட்டதால் அந்த இரண்டு ஒயர்களையும் இணைக்க வேண்டும். பின்னால் எரியும் ரிவர்ஸ் விளக்கின் ஒயரும் அதே சுவிட்ச் வழியாகத்தான் போனது. அதைப் பிரித்துப் புதுப்பெட்டியின் ரிவர்ஸ் சுவிட்ச்சுக்குக் கொண்டுவந்தார்கள். 

ஹீட்டர் விளக்கு அணைந்தது. சாவி திரும்பியது. ஐந்து சிலிண்டரும் ஒரே மூச்சில் பிடித்துக்கொண்டன. அதிர்வே இல்லை! கோயம்புத்தூர் போய்வந்த ஃப்ளைவீலுக்குக் கோயில் கட்டலாம். 

பிறகுதான் உச்சக்கட்டம். இத்தா சாவியைத் திருப்பி அணைத்தார். எஞ்சின் ஓடுகிறது. சாவியையே உருவிக் கையில் எடுத்துக் காட்டினார். அப்போதும் ஓடுகிறது! பையன் இரண்டடி பின்னால் போனான். ஆசான் நிதானமாகப் பானெட்டுக்குள் கையை விட்டு, ‘ஸ்டாப்’ என்று எழுதிய சிவப்பு நெம்புகோலை அமுக்கினார். எஞ்சின் நின்றது. 

“பயப்படாதீங்க சாரே, எங்கேயோ ஒரு அடப்பு தெறிச்சிருக்கு” என்றார். 

காரணம் கேட்டால் ஆச்சரியம் கூடுகிறது. இந்த டீசல் வண்டியை அணைப்பது மின்சாரம் இல்லை, வாக்குவம். எஞ்சின் ஓட்டும் ஒரு பம்ப் காற்றை உறிஞ்சி வெற்றிடம் உண்டாக்குகிறது. பிரேக் பூஸ்டருக்கு அதுவே பலம். கதவுகள் மொத்தமாகப் பூட்டுவதும் அதால்தான். சாவியைத் திருப்பினால் டீசல் பம்ப்பை நிறுத்துவதும் அதுவே. ஆட்டோமேட்டிக் பெட்டிக்கும் அதிலிருந்து ஒரு மெல்லிய குழாய் போயிருந்தது. கியர் மாறும்போது குலுக்கலைக் குறைக்கும் வேலைக்கு. பெட்டியை எடுத்தபோது அந்தக் குழாயின் முனைக்கு ரப்பர் மூடி போட்டிருந்தார்கள். அது கழன்று விழுந்துவிட்டது. அந்த ஓட்டையில் காற்று புக, எஞ்சினும் அணையவில்லை; சோதித்துப் பார்த்தால் கதவும் பூட்டவில்லை. மூடியை மாட்டி ஒரு கிளிப்பும் போட்டதும் எல்லாம் ஒழுங்காயிற்று. கியர்பெட்டிக்கும் கதவுப் பூட்டுக்கும் உறவு இருக்கிற கார்! இதைப் படித்துத் தெரிந்துகொள்வது வேறு, சாவி கையில் இருக்க எஞ்சின் ஓடுவதைப் பார்ப்பது வேறு.

ஒரு விஷயத்தை இங்கே சொல்லிவிட வேண்டும். பார்த்ததும் கைதுறுதுறுக்கிற வேலை இது. ஆனால் சட்டத்தைத் தெரிந்துகொண்டுதான் இறங்க வேண்டும். மோட்டார் வாகனச் சட்டத்தின் 52-ஆம் பிரிவு, பதிவுச் சான்றில் உள்ள விவரங்கள் தயாரிப்பாளர் குறித்தவற்றிலிருந்து மாறும்படி வண்டியை மாற்றக் கூடாது என்கிறது. கேரளத்திலிருந்து போன வழக்கில்தான் 2019 ஜனவரியில் உச்ச நீதிமன்றம் அதை அழுத்தமாகச் சொன்னது. அதே ஆண்டின் திருத்தச் சட்டப்படி, அனுமதியில்லாத மாற்றம் ஒவ்வொன்றுக்கும் 5,000 ரூபாய் அபராதமோ ஆறு மாதம்வரை சிறையோ இரண்டுமோ கிடைக்கலாம். தயாரிப்பாளரே இரண்டு வகையிலும் விற்ற மாடல், அவருடைய பாகங்களே என்றாலும், முதலில் ஆர்டிஓ அலுவலகத்தில் எழுதிக் கேட்டுவிட்டு ஸ்பேனரை எடுப்பதுதான் என் கட்சி. ஆசானும் அந்தக் கடிதத்தைப் பார்க்காமல் வண்டியைக் குழி மேல் ஏற்றுவதில்லை.

கேரளத்துக்கும் கிளட்ச்சுக்கும் தனிப் பாசம் உண்டு. இங்கே கார் லைசென்ஸ் என்றால் ‘எச்’ எடுப்பது. கம்பங்களுக்கு நடுவே முன்னும் பின்னும் வளைத்து அந்த எழுத்தை வண்டியால் போட வேண்டும். 2024 பிப்ரவரியில் வந்த சுற்றறிக்கை, டெஸ்ட்டுக்கு ஆட்டோமேட்டிக் காரும் மின்சாரக் காரும் கூடாது என்றது. ஓட்டுநர் பள்ளிகள் கொதித்தெழுந்து போராடின. வளைகுடாவிலோ அமீரகத்தில் ஆட்டோமேட்டிக்குக்கு மட்டும் என்று தனி லைசென்ஸே கொடுக்கிறார்கள். அங்கே அதை எடுத்துப் பழகிவிட்டு ஊருக்கு வந்து கிளட்ச்சைக் கண்டு திகைக்கிற பேர் எத்தனையோ. இத்தாவின் வாப்பா நேர் எதிர். குவைத்தில் ஆட்டோமேட்டிக் ஓட்டினாலும் மகளை ‘எச்’ எடுக்க அனுப்பியது ஒரு அம்பாசடரில்.

பென்ஸுக்குப் பக்கத்துக் குழியில் ஒரு மாருதி செலிரியோ காத்திருந்தது. 2014-இல் ஏஎம்டி என்னும் கியரை இந்தியாவில் பரவலாக்கிய மாடல். ஆட்டோமேட்டிக் என்று சொன்னாலும் இதன் பெட்டிக்குள் இருப்பது அச்சு அசல் மேனுவல் ஐந்து கியர், சாதாரணக் கிளட்ச் பிளேட். கியர் போடும் கையும் கிளட்ச் மிதிக்கும் காலும் மட்டும் எந்திரம். பெட்டியின் தலையில் உட்கார்ந்திருக்கிறது. அந்த எந்திரம் பழுதாகி, மாற்றும் செலவைக் கேட்டு மலைத்துப் போய் மேனுவலுக்கு வருகிறவர்கள் உண்டு. கேட்க எளிது. ஆனால் எஞ்சினின் கம்ப்யூட்டர், கியரின் கம்ப்யூட்டரோடு ஓயாமல் பேசிக்கொண்டே இருக்கப் பழகியது. பதில் வராவிட்டால் எச்சரிக்கை விளக்கைப் போட்டுவிட்டு முரண்டு பிடிக்கும். மேனுவல் மாடலின் கம்ப்யூட்டரும் ஒயரிங்கும் சேர்ந்து வந்தால்தான் அமைதி. பென்ஸில் ஸ்பேனர் முடித்த காரியத்தை இங்கே லேப்டாப் முடிக்க வேண்டியிருக்கிறது. கியர்களுக்குப் பதில் பெல்ட்டில் ஓடும் சிவிடி வண்டிகளைக் கொண்டுவந்தால் ஆசான் திருப்பி அனுப்பிவிடுகிறார். மேல்நாட்டில் ஃபெராரிகளுக்கே இந்த வைத்தியம் நடக்கிறது. ஸ்டீயரிங் பின்னால் கியர் மாற்றும் துடுப்பு வைத்து வந்த 430, 599 வண்டிகளை, பளபளக்கும் உலோகத் தட்டில் கம்பி நகரும் பழைய மேனுவலாக மாற்றித் தர நிபுணர்கள் இருக்கிறார்கள். மேனுவல் ஃபெராரிக்குச் சந்தையில் அவ்வளவு கிராக்கி.

விடிகாலையில் வண்டி வெளியே வந்தது. இடப்பக்கம் ஸ்டீயரிங் என்பதால் கியர் வலது கையில். நம் ஊர்க் கைப்பழக்கத்துக்கு நேர் மாறு. இத்தா முதல் கியர் போட்டார். கம்பி சற்றே ரப்பர்த்தனமாக நகர்ந்து, கடைசியில் உறுதியாக உட்கார்ந்தது. கிளட்ச் பாதி தூரம் எழும்பியதும் பிடித்தது. பானர்ஜி சாலையில் மெட்ரோ தூண்களுக்கு அடியில் இரண்டு, மூன்று என்று ஏறி நார்த் பாலத்துக்கு வந்தோம். கொச்சியில் ஏற்றம் என்றால் பாலம்தானே! பாலத்தின் ஏற்றத்தில் வேண்டுமென்றே நிறுத்தினார். ஹேண்ட்பிரேக் இல்லாமல், கிளட்ச்சை மட்டும் பிடித்து, ஒரு அங்குலம் பின்னால் உருளாமல் கிளப்பினார். பின்சீட்டில் பையன் விசிலடித்தான். நான் கதவில் தாளம் போட்டேன்.

தேவரா கடந்து, வெண்டுருத்திப் பாலம் ஏறி, வில்லிங்டன் தீவின் நேர்ச்சாலையில் நாலாவது கியர். பழைய பெட்டியோடு இந்த வேகத்துக்கு வர எஞ்சின் எவ்வளவு கத்தியிருக்கும் என்று இத்தா சொல்லிக்கொண்டே வந்தார். ஸ்பீடோமீட்டர் முள்ளை ஆசான் தன் போனின் ஜிபிஎஸ் காட்டுவதோடு ஒப்பிட்டுத் தாளில் குறித்துக்கொண்டார்; குட்டிப் பற்சக்கரம் ஒன்றை மாற்ற வேண்டும். கார்ப்பெட்டைத் தொட்டுப் பார்த்தார், ஈரமில்லை. தோப்பும்படி தாண்டி மட்டாஞ்சேரிச் சந்துகளில் நுழைந்தபோது முதல் கியரிலேயே ஊர்ந்து, எதிரே வந்த மிளகு லாரிக்கு வழிவிட்டுப் பின்னால் எடுத்தார். ரிவர்ஸ் போட்ட மறுகணமே பிடித்தது.

வீட்டு வாசலில் நிறுத்தியதும் அவருடைய முதல் கேள்வி: “ஆசானே, இதுக்கு அஞ்சாவது கியர் கிடைக்குமா?”

கிடைக்கும். டபிள்யூ123-க்கு பென்ஸே ஐந்து கியர் பெட்டியும் கொடுத்திருக்கிறது. நெடுஞ்சாலையில் எஞ்சின் இன்னும் நிதானமாகச் சுற்றும். கிளட்ச், ஃப்ளைவீல், மிதிகள் எல்லாம் இப்போது வண்டியில் ஏறிவிட்டதால் பாதி வேலை முடிந்த மாதிரி. ப்ரொப்பெல்லர் ஷாஃப்ட் எவ்வளவு நீளம் வரும் என்று ஆசான் அங்கேயே பேனர் துணியை விரித்து வண்டிக்கு அடியில் படுத்துவிட்டார். பையன் டேப்பைப் பிடித்தான். நான் புதுப்பேட்டைக்குப் போன் போட்டேன்.